ஏற்புரையில் வந்த சொல்

தம்பி,

நலமா என்று கேட்டுத் தொடங்கக் கூச்சமாக இருக்கிறது. நீ நன்றாக இல்லை என்பதும் அதற்குக் காரணம் நான்தான் என்பதும் தெரிந்துகொண்டே கேட்டால் அது வேஷம். விழுப்புரத்தில் என் புத்தக வெளியீட்டு விழா நடந்த நாளிலிருந்து நீ என்னோடு கல்யாண வேலையைத் தவிர வேறெதுவும் பேசுவதில்லை. சமையல்காரர் நம்பரை அனுப்புகிறாய், திண்டிவனம் மண்டபத்துக்காரர் கூப்பிடுவார் என்கிறாய், வைத்துவிடுகிறாய். அம்மாவிடம் மட்டும் அரை மணி பேசுகிறாய். நான் பக்கத்து நாற்காலியில் பேப்பர் படிக்கிற மாதிரி உட்கார்ந்து, எனக்கென்று ஏதாவது ஒரு வார்த்தை வருமா என்று காதை அங்கேயே வைத்திருப்பேன். வாத்தியார் வேலை பார்த்தவனுக்கு ஒட்டுக்கேட்கும் பழக்கம் போகாது. நானே போனில் சொல்லிவிடலாம் என்று பலமுறை எடுத்தேன், முடியவில்லை. இந்த வாயின் மேல் எனக்கு இப்போது நம்பிக்கையும் இல்லை. அதனால் எழுதுகிறேன். இது பொத்திவைத்துப் படிக்கிற கடிதம் இல்லை. ஏன் என்பது படித்து முடிக்கும்போது தெரியும்.

என் தொழில் உனக்குத் தெரியும், ஆனால் அதை நீ என்றைக்கும் பெரிதாக எடுத்துக்கொண்டதில்லை. "எங்க அப்பா செத்துப்போன வெள்ளைக்காரங்களப் பத்தி எழுதுவாரு" என்று நண்பர்களிடம் சொல்வாய். தப்பில்லை, அதுதான் உண்மை. விக்டோரியா ராணி காலத்துக் கவிஞர்களைப் பற்றி ஒரு புத்தகம், அவர்களுக்குப் பின்னால் வந்த நவீனக் கவிஞர்களைப் பற்றி ஒரு புத்தகம், இப்போது அந்த ராணி காலத்து நாவல்களைப் பற்றி இது. கல்லூரியில் ஆங்கிலத்தில் நடத்தியதை வீட்டுக்கு வந்து தமிழில் எழுதிக்கொண்டிருந்தேன். அந்த ராணி காலத்துக் கவிஞர்களிடம் ஒரு வகைக் கவிதை உண்டு. ஒரே ஆள் பேசுவான். எதிரில் ஒருவர் வாயே திறக்காமல் கேட்டுக்கொண்டிருப்பார். பேசுகிறவன் தன்னை நல்லவனாக, பெருந்தன்மைக்காரனாகக் காட்டிக்கொள்ளத்தான் பேசத் தொடங்குவான். பேசப் பேச அவனை அறியாமலே அவன் யார் என்பது வெளியே வந்துவிடும். நுணலும் தன் வாயால் கெடும் என்று நம்மவர்கள் ஒரு வரியில் முடித்ததை இவர்கள் பக்கம் பக்கமாக எழுதினார்கள் என்று வகுப்பில் சொல்வேன், பிள்ளைகள் சிரிப்பார்கள். இதை வருஷா வருஷம் நடத்தினேன். மைக் முன்னால் நான் நிற்கும்போது எதிரில் இருப்பவர்கள் என்னையும் அப்படிக் கேட்டுக்கொண்டிருப்பார்கள் என்று மட்டும் எனக்குத் தோன்றியதே இல்லை. நடத்துகிறவனுக்குப் பாடம் கிடையாது என்று ஒரு நினைப்பு.

இந்தக் கடைசிப் புத்தகம் அந்த நாவல்களில் வருகிற வேலைக்காரர்களைப் பற்றியது. 'கதவோரம் நின்றவர்கள்' என்று பெயர் வைத்தேன். கதவைத் திறந்துவிட்டு, கணப்பில் நெருப்பு மூட்டிவிட்டு, எஜமானர்கள் காதலிக்கவும் அழவும் வசதி செய்துகொடுத்துவிட்டு ஒதுங்கிப் போகிறவர்கள். அவர்களில் ஒருவன் எப்படியோ படித்து மேலே வந்துவிட்டால் நாவலாசிரியர் அவனைச் சும்மா விடமாட்டார். ஒரு விருந்தில் பெரிய மனிதர்களோடு உட்காரவைத்து, ஒரே ஒரு சொல்லைப் பழைய வாயால் சொல்ல வைத்து, பிடித்துக் கொடுத்துவிடுவார். அந்த இடத்துக்காகவே ஒரு முழு அத்தியாயம் எழுதியிருக்கிறேன். அவமானம் என்பது எப்படி வேலை செய்கிறது என்று அதில் நான் அலசியிருப்பதைப் பார்த்து எனக்கே என்மேல் மரியாதை வந்தது. அந்த அத்தியாயத்தை நீ படித்திருக்கமாட்டாய். படிக்கவும் வேண்டாம், நேரில்தான் பார்த்துவிட்டாயே.

விழாவுக்கு உன் பெரியப்பாவை நான் கூப்பிட்டதே நீ சொன்னதால்தான். இத்தனை வருஷத்தில் என் கூட்டம் எதற்கும் என் கூடப்பிறந்த அண்ணனை அழைத்ததில்லை. அவருக்கு என்ன புரியும் என்று அம்மாவிடம் சொல்வேன். அம்மா உள்ளே போய்விடுவாள். இந்தமுறை திண்டிவனத்திலிருந்து உன் மாமனார் ஆகப்போகிறவர் குடும்பத்தோடு வருகிறார், பெரியப்பா இல்லாவிட்டால் நன்றாக இருக்காது என்றாய். அவர் முகையூரிலிருந்து பஸ் ஏறி, சலவை வேட்டியும் புதுத் துண்டுமாக, எல்லாருக்கும் முன்னால் வந்து உட்கார்ந்துவிட்டார். மைக் செட் கட்டிக்கொண்டிருந்தவரிடம் "எந்தம்பி புக்குங்க" என்று சொல்லிக்கொண்டிருந்ததை நான் கேட்டேன். கேட்டும் கேட்காத மாதிரி அந்தப் பக்கம் போய்விட்டேன்.

முதல் பிரதியைப் பெற்றுக்கொள்ள விழாக்காரர்கள் ஒரு வக்கீலை அழைத்திருந்தார்கள். நம் ஊர்ப் பெரிய வீட்டு மகன். அவருடைய அப்பாவின் நிலத்தில்தான் உன் தாத்தா பண்ணையாளாகக் கிடந்தார். வக்கீல் வருவதற்குத் தாமதமானதால் என்னை முதலில் ஏற்புரை பேசச் சொன்னார்கள். நானும் நன்றாகத்தான் பேசிக்கொண்டிருந்தேன். நடுவில் வாசல் பக்கம் சலசலப்பு. நிமிர்ந்து பார்த்தால், அவர் அப்படியே அவருடைய அப்பா மாதிரி, வேட்டி நுனியைக் கையில் பிடித்தபடி உள்ளே வருகிறார். என் முதுகு தானாக வளைந்தது. "வாங்க ஆண்டே" என்றேன். மைக்கில். ஹால் முழுக்கக் கேட்டது.

ஆண்டை என்றால் ஆள்கிறவர். நிலத்துக்காரரை, அந்த நிலத்தில் வேலை செய்கிற நம் ஆட்கள் அப்படித்தான் கூப்பிட வேண்டும். பெயர் சொல்லக்கூடாது, முறை சொல்லக்கூடாது. உன் தாத்தா துண்டை எடுத்து அக்குளில் இடுக்கிக்கொண்டு, உடம்பைக் குறுக்கி, தலையை மட்டும் லேசாகத் தூக்கி அந்தச் சொல்லைச் சொல்வார். சின்ன வயதில் மாட்டுக்குப் பின்னால் அவரோடு போன நானும் சொல்லியிருக்கிறேன். படித்து, வேலைக்குப் போய், எத்தனையோ காலமாகச் சொல்லாத சொல். போய்விட்டது என்றுதான் நினைத்திருந்தேன். அது உள்ளேயே சௌகரியமாக உட்கார்ந்திருந்திருக்கிறது.

அந்த அளவோடு விட்டிருந்தால் இந்தக் கடிதம் எழுத வேண்டியிருக்காது. உன் மாமனார் என்னைப் பார்க்கிறார். என் மூளை எத்தனை வேகமாக வேலை செய்தது தெரியுமா? ஒரு கவிதைக்கு அப்படி வேலை செய்திருந்தால் நான் பெரிய விமர்சகன் ஆகியிருப்பேன். சிரித்துக்கொண்டே சொன்னேன்: "பார்த்தீர்களா, என் புத்தகத்தில் வருகிற இங்கிலாந்து வேலைக்காரன் எஜமானைக் கண்டதும் இப்படித்தான் வளைவான். அவன் ஆங்கிலத்தில் சொல்வதை நம் ஊர்த் தமிழில் சொன்னால் இதுதான்." சொன்னதோடு நிறுத்தவில்லை. தோளில் போட்டிருந்த பொன்னாடையை எடுத்து அக்குளில் இடுக்கிக்கொண்டு, இன்னும் நன்றாகக் குனிந்து, "ஆண்டே, ஆண்டே" என்று நடித்தே காட்டினேன். ஹால் குலுங்கச் சிரித்தது, கைதட்டியது. உன் மாமனார் சிரித்ததுதான் எல்லாவற்றையும்விடப் பலமாகக் கேட்டது. அப்பாடா என்று இருந்தது எனக்கு. அப்போதுதான் உன் பெரியப்பாவைப் பார்த்தேன். வக்கீல் உள்ளே வந்ததும் அவரும் பாதி எழுந்திருக்கிறார். துண்டு தோளிலிருந்து கைக்கு வந்திருக்கிறது. சிரிப்பு அவர்மேல் விழ, அப்படியே மெல்ல உட்கார்ந்தார். வக்கீல் சிரிக்கவில்லை. மேடைக்கு வந்து, "மன்னிச்சிக்கோங்க சார், லேட் ஆயிடுச்சு" என்று என் முகத்தைப் பார்க்காமல் சொல்லிவிட்டுப் புத்தகத்தை வாங்கிக்கொண்டார்.

காரில் நீ சொன்னதை நான் மறக்கவில்லை. "அந்த வார்த்த வந்துச்சு பாருங்க, அதுக்காக எனக்கு ஒண்ணும் இல்லப்பா. அப்பறம் நடிச்சீங்களே, அது ஏன்?" என்றாய். சமாளிக்க வேண்டியிருந்தது என்றேன். "யார்கிட்ட?" என்றாய். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். "பெரியப்பா சாப்புடாம போயிட்டாரு. திண்டிவனத்துக்காரங்ககிட்ட நம்ப யாருன்னு நீங்களே சொல்லுங்க. நான் சொல்லமாட்டேன். நீங்க சொல்ற வரைக்கும் நமக்குள்ள கல்யாண வேலை மட்டும்தான்." கோபமாகக்கூடச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் அப்பனிடம் இப்படியா பேசுவது என்று நானும் கத்தித் தப்பித்திருப்பேன்.

நீ எதைச் சொல்லச் சொன்னாய் என்பது எனக்குத் தெரியும். பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது ஒருநாள் வந்து, "தாத்தாவுக்கு எத்தன ஏக்கர்ப்பா?" என்று கேட்டாய். உன் கூடப் படித்த பையனுக்குத் தென்னந்தோப்பு இருந்ததாம். "இருந்துச்சு, வித்துட்டோம்" என்றேன். நீ அதை நம்பி எல்லாரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தாய். இல்லாத நிலத்தை விற்ற ஒரே ஆள் நான்தான். பிறகு வளர்ந்து, பெரியப்பா வாயிலிருந்து உண்மை தெரிந்துகொண்டு, என்னிடம் அதைப் பற்றி ஒரு வார்த்தை கேட்காமல் இருந்தாய் பார், அது உன் குணம். ஆனால் பெண் பார்க்கப் போன அன்றைக்கு உன் மாமனார், "நாங்க மூணு தலைமுறையா வாத்தியார் குடும்பம் சார்" என்றதும் நானும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். "நாங்க விவசாயக் குடும்பம்ங்க. நெல்லு, மல்லாட்டை எல்லாம் போடுவோம்" என்றேன். பொய்யே இல்லை. நெல்லும் நிலக்கடலையும் போட்டது நாங்கள்தான், நிலம்தான் எங்களுடையது இல்லை. நீ காபி டம்ளரையே பார்த்துக்கொண்டிருந்தாய். உனக்கு நான் சொல்லக்கூடிய புத்தி இது ஒன்றுதான்: உன் பெண்டாட்டியிடம் இப்படிப் பாதி உண்மை சொல்லிவிடாதே. முழுப் பொய் சொன்னவன் மாட்டிக்கொண்டால் மன்னிப்புக் கேட்பான். பாதி உண்மை சொன்னவன் சாகும்வரை நான் பொய் சொல்லவில்லையே என்று வாதாடிக்கொண்டிருப்பான்.

அதற்குப் பிறகாவது எனக்குப் புத்தி வந்ததா என்றால், இல்லை. விழா முடிந்த வாரத்தில் உன் மாமனார் போன் செய்தார். "சார், அன்னிக்குப் பண்ணீங்களே அந்த ஆண்டே காமெடி, அத ரிசப்ஷன்ல ஒரு தடவ பண்ணிடுங்க. எங்க சொந்தக்காரங்கல்லாம் கேட்டுக்கினே இருக்காங்க" என்றார். முடியாது என்று சொல்லியிருக்கலாம். "பாக்கலாம்ங்க" என்றேன். சொல்லிவிட்டுப் போனை வைத்ததும், அடுப்படியில் இருந்த உன் அம்மா, "பாருங்க, நல்லாப் பாருங்க. மாமனார ரெண்டாவது தடவ குனிய வைக்கறத என் கண்ணால பாக்க மாட்டேன், நான் கல்யாணத்துக்கே வரல" என்றாள். மாமனார் என்று அவள் சொன்னது உன் தாத்தாவை. செத்துப்போன மனிதருக்காகப் பேச அவளாவது இருந்தாள்.

மறுநாளே ஊருக்குப் போனேன். பெரியப்பா தார் ரோட்டோரம் மல்லாட்டையைக் காயப்போட்டுக் காலால் கிளறிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்து, "வா, டீ சாப்புடறியா?" என்றார். அவ்வளவுதான். நான் நின்றுகொண்டே, "ண்ணா, அன்னிக்கு நான் பேசினது தப்பு" என்றேன்.

"எது தப்பு?"

"ஆண்டேன்னு கூப்புட்டது."

"அதுல இன்னாடா தப்பு? நானுந்தான் எழுந்தேன். உடம்பு கேக்கல, பழக்கம். உட்ரு." கொஞ்ச நேரம் கிளறினார். பிறகு என்னைப் பார்க்காமலே சொன்னார்: "அப்பறம் துணிய அக்குள்ல வச்சிக்கினு குனிஞ்சி காட்டன பாரு. அப்பன் நிக்கற மாரியே நின்னடா. அச்சு அசலு. ஒரு நிமிசம் அப்பனே வந்துட்டாருன்னு பாத்தேன். பாத்தா எல்லாரும் சிரிக்கிறாங்க. அது யாரோ வெள்ளக்காரன் வூட்டு வேலக்காரன்னு சொல்ற. நம்ப அப்பன் யாரோவாடா?"

நவீனக் கவிஞர்கள் முகமூடி போட்டுக்கொண்டு பேசினார்கள், முகமூடிக்குள் இருந்தால்தான் உண்மையைச் சொல்ல முடியும் என்று பாராட்டிப் புத்தகம் எழுதியவன் நான். அன்றைக்கு நான் போட்டுக்கொண்டு ஆடிய முகமூடி என் அப்பாவின் முகம். அதைப் போட்டுக்கொண்டு உண்மை எதையும் சொல்லவில்லை, அவரைத் தெரியாது என்றுதான் சொன்னேன். ரோட்டில் பஸ் போகிறது, ஆட்கள் பார்க்கிறார்கள், நான் அழுதேன். பெரியப்பா சமாதானம் செய்யவில்லை. கல்யாணத்துக்கு வருவியாண்ணா என்று கேட்டதற்கு, "புள்ள கூப்புட்டுச்சி, வர்றேன். அதுக்கும் உனக்கும் இன்னா சம்மந்தம்? உன் மீட்டிங்குக்கு மட்டும் இனிமே கூப்புடாத" என்றார். உனக்காக வருகிறார், தம்பி. எனக்காக இல்லை. அவர் என்னை மன்னித்துவிட்டதாக நீ நினைத்துக்கொள்ள வேண்டாம், நானும் நினைக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மாதா கோயில் பூசையில் உங்கள் கல்யாண ஓலை வாசித்தார்கள். இந்தக் கல்யாணத்துக்குத் தடை இருப்பது தெரிந்தவர்கள் வந்து சொல்ல வேண்டும் என்று சாமியார் படித்தபோது எனக்குத் திண்டிவனத்துக்காரர்கள்தான் ஞாபகம் வந்தார்கள். நான் சொல்லப்போவதைக் கேட்டு அவர்கள் பின்வாங்கிவிட்டால்? நீ ஆசைப்பட்ட பெண் உனக்கு இல்லாமல் போனால்? என் மானத்தைக் காப்பாற்றிக்கொள்ள உன் வாழ்க்கையைச் சாக்காக வைத்துக்கொள்கிறேன் என்பதும் அப்போதே எனக்குப் புரிந்தது. அங்கிருந்து நேராகத் திண்டிவனத்துக்கு பஸ் ஏறினேன்.

உன் மாமனார் வாசலிலேயே, "வாங்க சார், ஸ்கிரிப்ட் ரெடியா?" என்று சிரித்தார். நான் உட்காரவில்லை. உட்கார்ந்தால் காபி வரும், காபி வந்தால் பேச்சு வேறு பக்கம் போய்விடும். "அது காமெடி இல்லீங்க. எங்க அப்பா பண்ணையாளு. அந்த வக்கீலோட அப்பா கிட்டதான் இருந்தாரு. நானும் சின்னதுல ஆண்டேன்னுதான் கூப்புட்டேன். அன்னிக்குத் தெரியாம வாய்ல வந்துடுச்சு, வெக்கத்துல அத வேற மாரி மாத்திட்டேன். எங்களுக்கு நிலமே கெடையாது. எம் மகன் மேல தப்பு இல்ல, அவன் என்னைய உண்மைய சொல்லத்தான் சொன்னான்" என்று மனப்பாடம் ஒப்பிக்கிற பையன் மாதிரி சொல்லி முடித்தேன். அவர் முகத்திலிருந்து சிரிப்பு போய்விட்டது. எழுந்துபோய் உள்கதவைச் சாத்தினார். சரி, முடிந்தது என்று நினைத்தேன்.

திரும்பி வந்து, "நான் இன்னாத்துக்கு சார் அவ்ளோ பலமா சிரிச்சேன்?" என்றார். எனக்குப் புரியவில்லை. "எங்க தாத்தாவும் அப்படித்தான் கூப்புட்டாரு. எங்க வூட்ல மொத மொத வாத்தியார் ஆனது எங்க அப்பா. மூணு தலைமுறைன்னு நாங்களே ஒண்ண சேத்துக்கினோம். நீங்க மைக்ல சொன்னதும் எனக்கு பகீர்னு ஆயிடுச்சு. சிரிக்காம இருந்தா பக்கத்துல இருக்கறவங்களுக்குத் தெரிஞ்சிடும்னு சிரிச்சேன். திரும்பத் திரும்ப காமெடி காமெடின்னு சொன்னதும் அதுக்குத்தான்." சாத்திய உள்கதவைக் காட்டினார். "எம் பொண்ணுக்குத் தெரியாது சார்."

அந்தச் சிரிப்பை நான் பாராட்டு என்றுதான் எடுத்துக்கொண்டிருந்தேன். புத்தகத்தில் இருக்கிற சிரிப்பையெல்லாம் வரிக்கு வரி பிரித்துப் போட்டவன், எதிர் நாற்காலியில் ஒரு மனிதர் பயந்துபோய்ச் சிரித்ததைப் படிக்கத் தெரியாமல் நின்றிருக்கிறேன். இந்த விஷயத்தை உனக்கு எழுதப்போகிறேன், அவர் பேச்சை அதில் சேர்க்கமாட்டேன் என்று அவரிடம் சொன்னேன். அவர், "இல்ல சார், என்னுதையும் சேத்து எழுதிடுங்க. மாப்பிள்ள படிச்சிட்டு அவகிட்ட குடுக்கட்டும். என் வாயால வராது" என்றார்.

அதனால் படித்ததும் இதை அவளிடம் கொடு. பக்கத்தில் இரு, ஆனால் நீயாக எதையும் விளக்காதே. உன் தாத்தா பண்ணையாள், அவளுடைய கொள்ளுத்தாத்தாவும் பண்ணையாள். பெற்ற பிள்ளைகளிடம் இதைச் சொல்ல இரண்டு வாத்தியார்களுக்கு இத்தனை காலம் ஆகியிருக்கிறது.

உன் அப்பா